தோல் பையில் நாலு கேசட்

அந்தச் சனிக்கிழமை காலையில் என் அண்ணன் உதுமான் காக்கா எங்கள் வீட்டில் கடைசியாகச் செய்த வேலை, என் குடைக்கம்பியை நிமிர்த்தியது. இரண்டு கம்பிகள் வளைந்து துணி ஒரு பக்கமாகத் தொங்கிக்கொண்டிருந்தது. தோல் வேலைக்கு வைத்திருக்கும் குறட்டால் கம்பியைப் பிடித்து, முழங்காலில் வைத்து அழுத்தி, துணி விட்டுப்போன இடத்தில் மெழுகு நூலால் மூன்று தையல் போட்டார். இரண்டு முறை விரித்து மடக்கிப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினார்.

“ஏட்டி ஆபிதா, இனிமே பஸ்ஸுல இதுக்கு மேலயே ஒக்காராத. கம்பி என்ன செய்யும் பாவம்.”

“நீங்க எடுத்துட்டுப் போங்க காக்கா. எனக்கு இன்னைக்கி ஸ்கூலு இருக்குமோ என்னமோ.”

“இருந்தா நனைஞ்சிக்கிட்டா போவ? எனக்குப் பிளாஸ்டிக் போதும்.”

அவர் மனைவி நஸீரா மைனி சாயாவும் முந்தின நாள் பாவு ரொட்டியும் கொடுத்தாள். நின்றுகொண்டே தின்றார். பிறகு அந்த விளையாட்டு மெஷினையும், அதன் நாலு கேசட்டுகளில் கெட்டுப்போன ஒன்றையும் இரண்டு பாலிதீன் பைகளுக்குள் போட்டு, வாயை நூலால் இறுக்கிக் கட்டி, சட்டைக்குள் வயிற்றோடு சேர்த்து வைத்து, மேலே பெல்ட்டைப் போட்டார். அவர் கையால் தைத்த பெல்ட்.

“மழை இப்பிடி அடிக்குதே. நாளைக்கிப் போனா என்ன?” என்றாள் மைனி.

“நாளைக்கி ஞாயித்துக்கெழம. திங்கக்கெழம கப்பலு வந்துரும். சுனாபட்டி என்ன சீமையிலயா இருக்கு? மத்தியானச் சோத்துக்கு வந்துருவேன். கருவாடு போடு.”

அது 1989, ஜூலை மாதம். அப்போது நாங்கள் தாராவியில் பத்துக்குப் பன்னிரண்டு அறையில் இருந்தோம். நான் மாநகராட்சித் தமிழ்ப் பள்ளியில் மூன்றாம் வகுப்புக்குப் பாடம் எடுத்தேன். காக்காவும் மேலப்பாளையத்து ஜமாலும் அதே சந்தில் ஒரு பட்டறை வைத்துப் பை, பெல்ட், பர்ஸ் தைத்தார்கள். அண்ணன், மைனி, நான் என்று மூன்று பேர் வீட்டில். எங்களை விட்டால் தோல் வாடைதான் நாலாவது ஆள் என்று மைனி சொல்வாள்.

கேசட்டுகள் எங்களுடையவை அல்ல. உவரிக்காரர் மரியஅந்தோணியுடையவை. அவர் சரக்குக் கப்பலில் எஞ்சின் அறைக்கு எண்ணெய் போடுகிறவர். ஏழெட்டு வருடமாகக் காக்காவிடம் பெல்ட் வாங்குவார், பெட்டிக்குக் கைப்பிடி மாற்றுவார். மே மாதக் கடைசியில் ஒருநாள் மாலை, ஜப்பான் காகிதம் சுற்றிய ஒரு பொட்டலத்தோடு வந்து எங்கள் வீட்டுப் பாயில் உட்கார்ந்தார்.

“பாய், இத ஒங்க வீட்டுல வச்சிக்கிடணும். அடுத்த வாட்டி கப்பலு வந்ததும் எனக்கு லீவு. ஊருக்குப் போவும்போது வாங்கிக்கிடுதேன். எங்க ரூம்ல ஒம்பது பேரு. ஒருத்தன் கைய வச்சா மிச்ச எட்டுப் பேரும் வப்பான்.”

“என்ன அண்ணாச்சி இது, டிரான்சிஸ்டரா?”

“வெளையாட்டு மெஷினு. எம் மவளுக்கு. ரெண்டு வருசமா கேட்டுக்கிட்டு இருக்கா, டிவியில போடுத மாதிரி வேணும்னு. எங்க ஊட்டுல டிவி ஏது? இது கையிலயே வச்சி வெளையாடுதது. இப்பந்தான் ஜப்பான்ல புதுசா வந்திருக்கு.”

உள்ளங்கையை விடக் கொஞ்சம் பெரிதாக, சாம்பல் நிறத்தில் ஒரு பெட்டி. அதன் முதுகில் செருகுவதற்கு, தீப்பெட்டியை அமுக்கித் தட்டையாக்கியது போல நாலு கேசட்டுகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு பிளாஸ்டிக் உறை. கேசட்டின் அடிவாய்க்குள் மஞ்சளாகப் பற்கள் வரிசையாக இருந்தன.

மரியஅந்தோணி ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொடுத்தார். எங்கள் வகுப்புப் பிள்ளைகள் வாய்ப்பாடு கேட்பதுபோலக் காக்கா கேட்டார்.

“மொதல்ல ஆஃப் பண்ணணும். அப்புறந்தான் கேசட்ட உருவணும். ஆன்ல உருவுனா உள்ள வெந்துரும். பல்லுல வெரலு படக்கூடாது. வெரலு வேர்வையே போதும் அதக் கெடுக்க. வாயால ஊதக்கூடாது. எல்லாப் பயலும் ஊதத்தான் செய்வான், எச்சி போயி ஒட்டிக்கிடும். வெயில்ல வைக்காதிய. ஈரத்துல வைக்காதிய. வாரத்துக்கு ஒருக்கா போட்டுப் பாருங்க. சும்மாவே கெடந்தாலும் கெட்டுரும்.”

மைனி அடுப்படியிலிருந்து சொன்னாள்: “புள்ளத்தாச்சிக்குக் கூட இம்புட்டுப் பத்தியம் கெடையாது.”

எல்லோரும் சிரித்தோம். எழுந்து போகும்போது மரியஅந்தோணி, “ஒங்கள்ல ஒரு வார்த்த சொல்லுவியளே பாய், அமானிதம்னு. அப்பிடி நெனச்சி வச்சிக்கிடுங்க,” என்றார். விளையாட்டாகத்தான் சொன்னார். காக்காவின் சிரிப்பு நின்றுவிட்டது.

அதற்குக் காரணம் எங்கள் வாப்பா. ஊரில் ஒருவர் ஹஜ்ஜுக்குப் போகும்போது மகள் கல்யாணத்துக்கு வாங்கிய பட்டுகளை ஒரு பெட்டியில் போட்டு வாப்பாவிடம் அமானிதமாக, நம்பி ஒப்படைத்த பொருளாக, விட்டுப் போனார். திரும்பி வந்து திறந்தபோது பெட்டியின் அடியிலிருந்து கரையான் ஏறிப் பட்டு முழுவதையும் தின்றிருந்தது. அந்த மனுஷர் ஒரு சொல் சொல்லவில்லை. “நாடினது நடந்துச்சு” என்று வெறும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார். அதன் பிறகு வாப்பா பள்ளிவாசலில் முன் வரிசைக்குப் போகவே இல்லை. செருப்பு விடும் இடத்துக்குப் பக்கத்தில் கடைசி வரிசையில் நின்று தொழுவார். காக்கா சின்ன வயதில் அவர் பக்கத்தில் நின்றவர்.

அதனால் அந்தப் பொட்டலம் எங்கள் வீட்டின் உயரமான இடத்துக்குப் போனது. குர்ஆன் வைத்திருந்த பலகைக்குப் பக்கத்தில், மழைத் தண்ணீர் எவ்வளவு ஏறினாலும் எட்டாத இடம். வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுதுவிட்டு வந்ததும் காக்கா கையைக் கழுவித் துடைத்து, ஈரம் காயும்வரை கைகளை ஆட்டிக்கொண்டே நிற்பார். பிறகு பொட்டலத்தை இறக்குவார். கேசட்டைச் செருகி மெஷினைத் தட்டினால், கண்ணாடியின் மேலிருந்து எழுத்துகள் மெதுவாக இறங்கி நடுவில் வந்து நிற்கும். அப்போது டிங் என்று ஒரு மணி அடிக்கும். மணி அடித்தால் கேசட் நலம். ஒருமுறை கேசட் சரியாக உட்காராமல், எழுத்துக்குப் பதில் ஒரு கறுப்புப் பட்டை இறங்கி நடுவில் நின்றது. உருவித் திரும்பச் செருகியதும் எழுத்து வந்தது.

மேலே ஒட்டியிருந்தது ஜப்பான் எழுத்து. எங்களுக்கு வாசிக்கத் தெரியாது என்பதால் மைனி பெயர் வைத்தாள். பந்து செங்கலை உடைப்பது ‘செங்கல்’. மட்டையால் அடிப்பது ‘மட்டை’. கோடு போட்ட சீனக் கட்டைகளை அடுக்குவது ‘கட்டை’. ஓர் ஆள் ஓடி ஓடிக் குதிப்பது ‘ஓட்டம்’. மரியஅந்தோணியின் மகள் கேட்டது அந்த ஓட்டத்தைத்தான்.

“மணி அடிச்சிச்சின்னா ஆஃப் பண்ணுங்க. அடுத்தவுக பேட்டரி செல்லு,” என்பாள் மைனி.

“டெஸ்ட் பண்ண வேண்டாமா? பந்து ஒழுங்கா ஓடுதான்னு பாக்கணும்லா.”

“கால் மணி நேரமா ஓடிக்கிட்டுதான் இருக்கு.”

அப்படி இரண்டு வெள்ளி போனது. ஜூன் மழை தொடங்கியதும் காக்காவுக்குப் பயம் வந்துவிட்டது. சுவரில் ஈரம் ஊறியது. உப்பு டப்பாவில் உப்பு தண்ணீராக நின்றது. பிளாஸ்டிக் உறைக்குள் புகை படிந்த மாதிரி இருப்பதாக அவருக்குத் தோன்றியது. தோல்காரருக்குத் தோலை விட்டால் வேறு எதில் நம்பிக்கை? மெத்தென்ற ஆட்டுத் தோலில் ஒரு பை வெட்டினார். நாலு அறை, மடித்து மூட ஒரு மூடி, அதற்கு ஒரு பித்தளைப் பொத்தான். பிளாஸ்டிக் உறையோடு கேசட்டுகள் அறைக்குள் போகவில்லை. உறைகளைக் கழற்றி ஒரு டப்பாவில் போட்டுவிட்டார். உள்துணியும் வைக்கவில்லை, தோலின் மெத்துதான் கேசட்டுக்கு நல்லது என்று.

ஜமால் அதைக் கையில் வாங்கி மோந்து பார்த்தான். “காக்கா, இந்த மால் இன்னும் ரெண்டு தண்ணி கழுவணும். உப்பு இருக்கு. பட்டன் பச்ச பூத்துரும், பாத்துக்கிடுங்க.”

“பட்டன் பூத்தா பட்டன மாத்துவோம்.”

“உள்ள பல்லு?”

“பல்லு தங்கம்ல. அண்ணாச்சி சொன்னாரு. தங்கம் எங்கயாவது பூக்குமா?”

ஜமாலுக்கும் அது சரியாகப் பட்டது. எனக்கும்தான். தோலில் உப்பு நின்றால் பித்தளை பச்சை பூக்கும் என்று அந்தச் சந்தில் சின்னப் பிள்ளைக்குக் கூடத் தெரியும். அந்தத் தங்கம் வெங்காயத் தோலை விட மெல்லிசு, அடியில் இருப்பது செம்பு என்று எங்களில் யாருக்கும் தெரியாது.

ஜூலை மூன்றாவது வாரம் கொச்சியிலிருந்து மரியஅந்தோணியின் கார்டு வந்தது. திங்கட்கிழமை கப்பல் பம்பாய்க்கு வரும், செவ்வாய் அல்லது புதன் அன்று வீட்டுக்கு வருவேன் என்று எழுதியிருந்தார். அந்த வியாழக்கிழமை பள்ளிக்கூடம் மழையால் பாதியில் விட்டது. மைனி ரேஷன் கடை வரிசையில் நின்றாள். காக்கா பட்டறையில் இருந்தார். நான் தனியாக வீட்டில் பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தேன். பையின் பொத்தான் பச்சையாக இருந்தது.

கையில் ஒட்டிய பச்சையைத் துடைத்துவிட்டுப் பையைத் திறந்தேன். ஒவ்வொரு கேசட்டாக வாயை வெளிச்சத்துக்குத் திருப்பினேன். மூன்றில் அங்கங்கே புள்ளியாகப் பச்சை. ‘ஓட்டத்’தில் ஏழெட்டுப் பல் முழுவதும் பச்சை.

முதலில் எனக்கு வாப்பா ஞாபகம் வந்தது. அவர் முகம் இல்லை. கடைசி வரிசையில் குனிந்த அவருடைய முதுகு. இதைப் பார்த்தால் காக்கா என்ன ஆவார்? அவர் வருவதற்குள் சரிசெய்துவிடலாம் என்று நினைத்தேன். எங்கள் வீட்டில் பித்தளைச் செம்பு பச்சை பிடித்தால் என்ன செய்வோமோ அதைச் செய்தேன். தீக்குச்சியில் துணி சுற்றி, ஊறவைத்த புளியில் தோய்த்து, ஒவ்வொரு பல்லாகத் தேய்த்தேன். பச்சை போனது. அடியிலிருந்து பளபளவென்று ஒரு சிவப்பு வந்தது. ஈரத்துணியால் துடைத்து, முந்தானையால் விசிறிக் காயவைத்து, திரும்பப் பைக்குள் வைத்தேன். பொத்தானையும் துடைத்தேன். நிம்மதியாகத்தான் இருந்தது. மற்ற மூன்றையும் மறுநாள் காலையில் தேய்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன்.

மறுநாள் காலை மைனி குளிக்கப் போனபோது எடுத்துப் பார்த்தேன். சிவப்பெல்லாம் கறுத்து, அடுப்புக்கரி பூசியதுபோல இருந்தது. வைத்துவிட்டேன். யாரிடமும் சொல்லவில்லை.

அன்று வெள்ளி. காக்கா கை கழுவித் துடைத்து, ஆட்டிக் காயவைத்து, பொட்டலத்தை இறக்கினார். ‘செங்கல்’ மணி அடித்தது. ‘மட்டை’ அடித்தது. ‘கட்டை’ அடித்தது. நான் அடுப்படிக்குப் போய்த் தண்ணீர் குடித்தேன். திரும்பி வரும்போது கறுப்புப் பட்டை இறங்கிக்கொண்டிருந்தது.

உருவினார். செருகினார். கறுப்புப் பட்டை. மூன்றாம் முறையும் அதுவேதான். ஓசை இல்லாமல் மேலிருந்து இறங்கி, நடுவில் வந்து நிற்கும். அவ்வளவுதான். காக்கா கேசட்டின் வாயைத் திருப்பிப் பார்த்தார். பிறகு பையை எடுத்துப் பொத்தானைப் பெருவிரலால் தடவினார். நான் துடைத்தும் விளிம்பில் கொஞ்சம் பச்சை மிச்சம் இருந்தது. பையை மூக்கருகில் கொண்டுபோனார்.

“உப்பு,” என்றார். “ஜமால் சொன்னான். நாந்தான் கேக்கல. ஒறையக் கழட்டுனதும் நாந்தான்.”

“ஒண்ணுதான போச்சு. மூணு நல்லா இருக்குலா,” என்றாள் மைனி.

“அந்தப் புள்ள கேட்டது இந்த ஒண்ணத்தான்.”

“அண்ணாச்சிகிட்ட சொல்லிருவோம். அவுகளும் மனுசந்தான, கடிச்சா தின்னுருவாக?”

“சொல்லலாம். சொன்னா அவரு ஒண்ணுஞ் சொல்ல மாட்டாரு.” பையின் மூடியை மடித்து மூடிவிட்டு, “அதுக்குத்தான் பயமா இருக்கு,” என்றார்.

அப்போது நான் சொல்லியிருக்க வேண்டும். காக்கா என்னைப் பார்த்து, “ஏட்டி, நீ ஏன் இப்பிடி வெளுத்துப்போயி நிக்கெ? ஒனக்கென்ன?” என்று கேட்டார். “ஒண்ணுமில்ல காக்கா” என்றேன்.

சுனாபட்டியில் கணேசபாண்டியன் என்று ஒரு டிவி மெக்கானிக் இருந்தார். கோவில்பட்டிக்காரர். டேப் ரெக்கார்டரில் இருந்து கால்குலேட்டர் வரை எதையும் திறந்து பார்ப்பார் என்று ஜமால் சொன்னான். அவரிடம்தான் காக்கா சனிக்கிழமை காலை புறப்பட்டது.

பத்து மணிக்குப் பள்ளிக்கூடம் இல்லை என்று தெரிந்தது. குடையை ஆணியில் மாட்டினேன். பதினோரு மணிக்குச் சந்தில் தண்ணீர் கணுக்கால் வரை நின்றது. மைனி கருவாட்டுக் குழம்பு வைத்தாள். பன்னிரண்டு மணிக்கு வாசல்படியைத் தாண்டித் தண்ணீர் உள்ளே வந்தது. பாயைச் சுருட்டி மேல்தட்டில் போட்டோம். அரிசி டின், துணிப்பெட்டி, என் பிள்ளைகளின் பரீட்சைத் தாள் எல்லாம் மேலே போயின. குழம்புச் சட்டியை மைனி அடுப்பிலிருந்து இறக்கவே இல்லை. தண்ணீரில் எங்கே இறக்குவது?

“ரயிலு பந்த்,” என்று யாரோ சந்தில் சொல்லிக்கொண்டு போனார்கள். “சயான்ல இடுப்பளவு தண்ணி.”

“கடையிலயே இருந்துக்கிடுவாக,” என்றாள் மைனி.

“ஆமா மைனி.”

“மழையில எறங்க அவுகளுக்கு என்ன கிறுக்கா?”

“இல்ல மைனி.”

இதையே நாங்கள் மூன்று மணி வரை பத்துத் தடவையாவது பேசியிருப்போம். நான்கு மணிக்கு மழை கொஞ்சம் நின்றது. தெருவில் தண்ணீர் கறுப்பாக, வேகமாக ஓடியது. அந்த ஓட்டத்தைப் பார்த்ததும் எனக்குத் தெருச் சாக்கடைக் குழிகள் ஞாபகம் வந்தன. தண்ணீர் வடியட்டும் என்று ஆட்கள் கட்டர் மூடியைத் திறந்துவிடுவார்கள். பக்கத்தில் ஒரு குச்சி நட்டுச் சிவப்புத் துணி கட்டுவார்கள். தண்ணீர் அடித்தால் குச்சி எங்கே நிற்கும்? இதை நான் மைனியிடம் சொல்லவில்லை. மைனியும் அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தாள் என்று பிறகு தெரிந்தது.

இருட்டியதும், மஃரிபு தொழுகைக்குப் பிறகு ஜமால் வந்தான். முழங்கால் வரை சேறு.

“சயான் வரைக்கும் போனேன் மைனி. அதுக்கு மேல விட மாட்டேங்கான். காக்கா வெவரமான ஆளு. எங்கயாவது ஏறி ஒக்காந்திருப்பாரு.”

“சாப்பிட்டியா?”

“இல்ல.”

அவனுக்குச் சோறு போட்டாள். அவன் சாப்பிடும்போது மைனி அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் தலை நிமிரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை வெயில் அடித்தது. தண்ணீர் வடிந்து, சந்து முழுவதும் சேறும் செத்த எலியுமாகக் கிடந்தது. ஜமால் விடியும்போதே தேடப் போய்விட்டான். நானும் மைனியும் வாசலைக் கழுவிக்கொண்டிருந்தோம். பதினோரு மணி வாக்கில் ஒல்லியாக, கண்ணாடி போட்ட ஒருவர் கையில் பாலிதீன் பையோடு கதவு எண்களைப் பார்த்துக்கொண்டே வந்தார்.

“உதுமான் பாய் வீடுதான? நான் கணேசபாண்டியன்.” மைனியைப் பார்த்துச் சிரித்தார். “நீங்கதான் அக்காவா? சாமான் ரெடி. நேத்தே பாய் மணி அடிக்கிறதக் கேட்டுட்டாரு. மழையில கொண்டுபோக வேண்டாம், ஒங்க கடையில ஒசரத்துல இருக்கட்டும், நாளைக்கி வந்து வாங்கிக்கிடுதேன்னு வச்சிட்டுப் போனாரு. நான் இந்தப் பக்கம் ஒரு டிவி பாக்க வந்தேன். அப்பிடியே கொண்டாந்துட்டேன்.”

நாங்கள் இருவரும் கையில் துடைப்பத்தோடு நின்றோம். அவர் பேசிக்கொண்டே போனார்.

“தேஞ்ச பல்லுல எல்லாம் லேசா ஈயம் வச்சிருக்கேன். மிச்சத்துக்குப் பென்சில் ரப்பரும் ஸ்பிரிட்டும் போதும்னு பாய்கிட்டச் சொல்லியிருக்கேன். அக்கா, இனிமே அவரப் புளியத் தொட விடாதீங்க. வாய்க்குள்ள புளி நாரு ஒண்ணு ஒட்டிக்கிட்டு இருந்துச்சு. தோலு லேசாத்தான் அரிச்சிருக்கு, புளிதான் தின்னுருச்சு, யாரு பாய் இப்பிடித் தேச்சதுன்னு கேட்டேன். அந்த நாரையே கொஞ்ச நேரம் பாத்துக்கிட்டு இருந்தாரு. அப்புறம், நாந்தான் தேச்சேன், பித்தளன்னு நெனச்சிட்டேன்னு சிரிச்சாரு. நல்ல மனுசன். பாய் எங்க, தூங்குதாரா?”

மைனி கேட்டாள்: “ஒங்க கடையிலதான இருக்காக?”

“இல்லியே அக்கா. நேத்து ரெண்டரைக்கே கெளம்பிட்டாரே.” அவர் சிரிப்பு அப்படியே நின்றது. “இருங்கன்னுதான் சொன்னேன். தண்ணி ஏறுது, ராத்திரி இங்கயே படுங்கன்னேன். வீட்டுல ரெண்டு பொம்பளயாளு பயந்துக்கிட்டு இருப்பாகன்னு சொல்லிட்டு எறங்கிட்டாரு.”

மைனி சேற்றில் அப்படியே உட்கார்ந்தாள். நான் அந்தப் பாலிதீன் பையை அவர் கையிலிருந்து வாங்கினேன். வாயைக் கட்டியிருந்தது காக்கா போட்ட அதே மெழுகு நூல் முடிச்சு. உள்ளே ஒரு சொட்டு ஈரம் இல்லை.

திங்கட்கிழமை காலை, நாலா என்கிற பெரிய சாக்கடைக் கால்வாயின் கம்பி வலையில் காக்கா கிடைத்தார். பெல்ட்டைப் பார்த்து ஜமால்தான் அடையாளம் சொன்னான். அன்று மாலை அஸர் தொழுகையோடு அடக்கம் செய்தார்கள். அதற்கு முன் மையத்தை, அவர் உடலை, வீட்டுக்குக் கொண்டுவந்தபோது முகத்தைத் திறக்க வேண்டாம் என்று பெரியவர்கள் சொன்னார்கள். மைனி கேட்கவில்லை. திறந்து பார்த்தாள். நான் பார்க்கவில்லை. எனக்குக் குடைக்கம்பியை நிமிர்த்தின முகம் போதும் என்று இருந்தது.

மரியஅந்தோணி புதன்கிழமை வந்தார். சந்து முனையிலேயே அவருக்கு விஷயம் தெரிந்திருந்தது. புருஷனை இழந்தவள் இருக்க வேண்டிய இத்தாவில் மைனி இருந்தாள். அந்நிய ஆண் முன்னால் வரக்கூடாது என்பதால் துணித் திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தாள். அமானிதத்தை நான்தான் கொடுக்க வேண்டியிருந்தது. அதற்குள் மற்ற மூன்றையும் ரப்பராலும் ஸ்பிரிட்டாலும் துடைத்து வைத்திருந்தேன். கையைக் கழுவித் துடைத்து, ஆட்டிக் காயவைத்தேன். பலகையிலிருந்து எல்லாவற்றையும் இறக்கி, அவர் முன்னால் ஒவ்வொரு கேசட்டாகப் போட்டுக் காட்டினேன். ‘செங்கல்’, ‘மட்டை’, ‘கட்டை’. கடைசியாக ‘ஓட்டத்’தைச் செருகினேன். எழுத்து மெதுவாக இறங்கி வந்தது. மணி அடித்தது. திரைக்குப் பின்னால் மைனி அழும் சத்தம் கேட்டது.

“இதுக்காம்மா போனாரு?” என்றார் மரியஅந்தோணி. “கெட்டுப்போச்சின்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா…”

போகும்போது நான் அவரோடு சந்து முனை வரை நடந்தேன். அங்கே, மைனி காதில் விழாத இடத்தில், புளி தேய்த்தது நான்தான் என்று சொன்னேன். கணேசபாண்டியன் சொன்னதையும் சொன்னேன். அவர் பொட்டலத்தை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டார்.

“பாய் நாந்தான்னு சொல்லிட்டாருல்லா?” என்றார்.

“ஆமா அண்ணாச்சி.”

“அப்ப அது அவரு சொன்னபடியே இருக்கட்டும், டீச்சர்.”

நாரைப் பார்த்ததும் அது எங்கள் இருவரில் யார் கை என்று காக்காவுக்குத் தெரிந்ததா, தெரிந்துதான் சிரித்தாரா என்பது எனக்கு இன்றுவரை தெரியாது. மைனியிடம் கடைசிவரை நான் சொல்லவில்லை. அவளும் மவுத்தாகிப் போய்ச் சேர்ந்து ஆறு வருடம் ஆகிறது.

தோல் பையை மரியஅந்தோணி கேட்டார், பாய் கையால் தைத்தது என்று. கழுவாத தோல், கேசட்டுக்கு ஆகாது என்று சொல்லி நான் பையைத் தரவில்லை. கேசட்டுகளைப் பழைய பிளாஸ்டிக் உறைகளில் போட்டுத்தான் அனுப்பினேன். பை இப்போது நெருளில் என் வீட்டு அலமாரியில் இருக்கிறது. நாலு அறையும் காலி. மழைக்காலத்தில் எடுத்துப் பார்ப்பேன். துடைத்துத்தான் வைத்திருப்பேன். ஜூலை பிறந்து நாலு நாள் மழை பெய்தால் போதும், அந்தப் பித்தளைப் பொத்தான் பச்சை பூத்திருக்கும்.